துனீசியாவின் சாசனமும் கஜானாவும்

மத்தியதரைக் கடலின் தென்கரையில், அல்ஜீரியாவுக்கும் லிபியாவுக்கும் இடையே ஒடுங்கிக் கிடக்கும் துனீசியா என்னும் சிறு தேசத்தில், மன்னனின் அதிகாரத்துக்கு எல்லை வகுத்து எழுதப்பட்ட ஓர் அரசியல் சாசனம் 1861ஆம் ஆண்டிலேயே அமலுக்கு வந்தது என்பதை நம்மில் பலர் அறிந்திருக்க மாட்டார்கள். துருக்கி சுல்தான் தம் சாம்ராஜ்யத்துக்குச் சாசனம் வழங்கியது 1876இல். ஜப்பானியச் சக்கரவர்த்தி வழங்கியது 1889இல். ருஷ்ய நாட்டு ஜார் தம் பிரஜைகளுக்கு ஒரு பிரதிநிதி சபையைக் கூட்டியது 1906இல். இவர்களெல்லாம் அதைப் பற்றி நினைப்பதற்கு முன்பே, அராபிய மொழி பேசும் நாடுகளுள் முதலாவதாக, துனீசியா அந்தக் காரியத்தைச் செய்து முடித்திருந்தது. ஆயினும் அந்தச் சாசனம் மூன்றே ஆண்டுகளில் நிறுத்தி வைக்கப்பட்டது. அது பிறந்து இருபது ஆண்டுகள் நிறைந்தபோது, நாடே பிரெஞ்சுக்காரர் வசமாகிவிட்டது.

இத்தனை முற்போக்கான ஒரு ராஜ்யம் இத்தனை விரைவில் சுதந்திரத்தை இழந்தது எவ்வாறு என்ற வினாவுக்குச் சரித்திர ஆசிரியர்கள் பல விடைகளைத் தருகிறார்கள். ஐரோப்பிய வல்லரசுகளின் பேராசையைச் சிலரும், அரண்மனையின் ஊழலைச் சிலரும், ஜனங்களின் அறியாமையைச் சிலரும் காரணமாகச் சொல்வார்கள். இவற்றுள் முதல் இரண்டும் உண்மையே. மூன்றாவதை நான் ஒப்ப மாட்டேன். அந்நாட்டு உழவனும் மேய்ச்சற்காரனும் நடப்பதை நன்றாகவே அறிந்திருந்தார்கள் என்பதும், சாசனத்தை எழுதியவர்கள் கஜானாவின் கணக்கை அதன் ஆட்சிக்குள் கொண்டுவர முடியாமற் போனதிலேதான் நாட்டின் வீழ்ச்சி தொடங்கிற்று என்பதும் என் அபிப்பிராயம். அதை விளக்குவதற்குச் சற்றுப் பின்னோக்கிச் செல்ல வேண்டும்.

துனீசியா 1574 முதல் துருக்கி சுல்தானின் மேலாண்மையை ஒப்புக்கொண்டிருந்த நாடு. ஆனால் 1705இல் ஹுசைன் இப்னு அலி என்பவர் அதிகாரத்தைக் கைப்பற்றி ஒரு வம்சத்தை ஸ்தாபித்த பிறகு, ‘பே’ என்ற பட்டம் தரித்த அவருடைய வாரிசுகளே நடைமுறையில் சுதந்திர மன்னர்களாக ஆண்டு வந்தார்கள். சுல்தானின் பெயரால் வெள்ளிக்கிழமைத் தொழுகைகளில் பிரார்த்தனை செய்வதும், அவருக்குக் காணிக்கைகள் அனுப்புவதும் தவிர அந்த மேலாண்மைக்கு வேறு பொருள் இருக்கவில்லை. துனிஸ் நகரத்துக்கு மேற்கே சிறிது தூரத்தில் பார்டோ என்னுமிடத்தில் அவர்களுடைய அரண்மனை இருந்தது. அங்கே மன்னர் நேரில் அமர்ந்து வழக்குகளைக் கேட்பார்; நெடுந்தூரத்திலிருந்து நடந்து வந்த ஏழைக் குடியானவன்கூட அவர் முன் நின்று தன் குறையை வாய்விட்டுச் சொல்லலாம்; தீர்ப்பு அப்போதே கிடைத்துவிடும். அந்தத் தீர்ப்பு எப்போதும் நியாயமாக இருந்தது என்று சொல்வதற்கில்லை. எனினும் ‘மன்னர் என் வழக்கைத் தம் காதால் கேட்டார்’ என்ற திருப்தி குடியானவனுக்கு இருந்தது. பின்னால் நிகழ்ந்தவற்றைப் புரிந்துகொள்ள இதை நினைவில் வைத்திருப்பது அவசியம்.

நாட்டின் வருமானம் நிலத்திலிருந்து வந்தது. கீழ்க்கரையில் சூஸ், மொனாஸ்திர், ஸ்ஃபாக்ஸ் நகரங்களைச் சூழ்ந்து சாஹெல் பிரதேசத்தின் ஒலிவத் தோப்புகள்; வடக்கே மெஜெர்தா ஆற்றின் பள்ளத்தாக்கில் கோதுமை வயல்கள்; தெற்கே ஜெரீத் பாலைவனச் சோலைகளில் பேரீச்சை; இவற்றுக்கிடையே ஆட்டு மந்தைகளோடு இடம்பெயர்ந்து திரியும் கோத்திரங்கள். ஸ்பெயினிலிருந்து விரட்டப்பட்டு வந்த முஸ்லிம்களின் சந்ததியார் துனிஸில் செய்த சிவப்புக் கம்பளிக் குல்லாய்கள் மத்தியதரைக் கடல் துறைமுகங்கள் பலவற்றுக்கும் ஏற்றுமதியாகி வந்தன. வரி தண்டும் முறை விசித்திரமானது. ஆண்டுக்கு இரண்டு முறை, பட்டத்து வாரிசின் தலைமையில் ஒரு படை புறப்படும். குளிர்காலத்தில் தெற்கே ஜெரீதை நோக்கியும், கோடையில் வடமேற்கே பேஜாவை நோக்கியும் செல்லும். வழியில் கோத்திரங்கள் கூடாரத்துக்கு வந்து வரியைச் செலுத்தி, வழக்குகளையும் தீர்த்துக்கொண்டு போகும். படை எட்டாத இடத்தில் வரியும் இல்லை. முரட்டு முறைதான், ஆனால் குடிகள் எவ்வளவு தாங்குவார்கள் என்பதை ஆண்டுதோறும் கண்ணால் பார்த்தறியும் முறை அது.

1830இல் பிரெஞ்சுப் படை அல்ஜியர்ஸ் நகரைக் கைப்பற்றியது. ஐந்தாண்டுகள் கழித்துத் துருக்கியர் கீழ்த்திசையில் திரிப்போலியை நேரடி ஆட்சிக்குள் கொண்டுவந்தார்கள். இரு பெரும் சக்திகளுக்கு நடுவே அகப்பட்டுக்கொண்ட துனீசியாவில் 1837இல் பட்டத்துக்கு வந்த அகமது பே, ஐரோப்பிய முறையில் ஒரு படையை அமைத்தாலொழியத் தம் நாடு பிழைக்காது என்று தீர்மானித்தார். 1840இல் பார்டோவில் ஒரு ராணுவப் பள்ளியை நிறுவினார். படைக்கு வேண்டிய துணியை நெய்யவும் பீரங்கிகளை வார்க்கவும் தொழிற்சாலைகளைத் தொடங்கினார். இந்த மன்னரின் பெயரை உலகம் நன்றியோடு நினைக்க வேண்டிய செயல் ஒன்று உண்டு. முதலில் அடிமைச் சந்தையை மூடி, பின்னர் அடிமைகளின் வயிற்றில் பிறக்கும் குழந்தைகள் சுதந்திரர்கள் என்று அறிவித்து, இறுதியாக 1846 ஜனவரியில் அடிமை முறையையே அவர் தம் ராஜ்யத்தில் ஒழித்தார். பிரான்ஸ் தன் குடியேற்றங்களில் அதை ஒழித்தது அதற்கு இரண்டாண்டுகள் கழித்துத்தான். அமெரிக்கர்களோ அதன் பொருட்டு ஒரு பெரும் யுத்தம் செய்ய வேண்டியிருந்தது.

ஆனால் படைக்கும் தொழிற்சாலைக்கும், முகம்மதியா என்னுமிடத்தில் மன்னர் கட்டத் தொடங்கிய பிரம்மாண்டமான அரண்மனைக்கும் பணம் எங்கிருந்து வரும்? வரி வசூலும் ஏகபோக வியாபார உரிமைகளும் குத்தகைக்கு விடப்பட்டன. அந்தக் குத்தகைகளில் பெரும்பாலானவற்றை எடுத்திருந்த மகமூது பின் அய்யாது என்பவர் 1852இல் பெருஞ் செல்வத்தோடு பாரீஸுக்குப் போய்ப் பிரெஞ்சுக் குடியுரிமை பெற்றுக்கொண்டு, திரும்பி வரவேயில்லை. அரசாங்கம் அவர்மீது பாரீஸில் வழக்குத் தொடுத்து அலைய வேண்டியதாயிற்று. கிரிமியா யுத்தத்துக்குத் தம் படையை அனுப்பிவிட்டு, 1855இல் அகமது பே கண்மூடியபோது, கஜானா ஏறக்குறைய வெறுமையாக இருந்தது. அந்த ஆட்சி முழுவதும், அதன் பின் நெடுங்காலமும், நிதிப் பொறுப்பு முஸ்தபா கஸ்னதார் என்ற மந்திரியின் கையில் இருந்தது. கியோஸ் தீவில் கிரேக்கக் குழந்தையாகப் பிறந்து, சிறைப்பிடிக்கப்பட்டு, அடிமையாக விற்கப்பட்டு, அரண்மனையில் வளர்ந்த இவர் மூன்று மன்னர்களுக்குத் தொடர்ந்து மந்திரியாக இருந்தார். அவருடைய கை படாமல் ஒரு கடனும் வாங்கப்படவில்லை. அவருடைய பங்கு ஒதுக்கப்படாமல் ஓர் ஒப்பந்தமும் முடிவாகவில்லை.

அடுத்து வந்த முகம்மது பே, பழைய வரிகள் பலவற்றை நீக்கி, 1856இல் ‘மஜ்பா’ என்ற தலைவரியை விதித்தார். வயது வந்த ஆண் ஒவ்வொருவனும் ஆண்டுக்கு 36 பியாஸ்டர் செலுத்த வேண்டும். துனிஸ், சூஸ், மொனாஸ்திர், ஸ்ஃபாக்ஸ், கைரவான் ஆகிய ஐந்து நகரத்தாருக்கு மட்டும் விலக்கு. ஒலிவத் தோப்பு ஆயிரம் மரம் உடையவனும், கூலிக்கு அந்தத் தோப்பில் காய் பறிப்பவனும் ஒரே தொகையைச் செலுத்த வேண்டும் என்பதுதான் இந்த வரியின் கொடுமை.

அடுத்த ஆண்டு ஒரு துயரச் சம்பவம் நிகழ்ந்தது. பாத்தோ ஸ்ஃபெஸ் என்ற யூத வண்டிக்காரர் ஒருவர், தெருச் சண்டையில் இஸ்லாம் மதத்தை நிந்தித்தார் என்ற குற்றச்சாட்டின் பேரில் விசாரிக்கப்பட்டு, 1857 ஜூன் மாதத்தில் சிரச்சேதம் செய்யப்பட்டார். அநியாயமான தண்டனை, அதைக் கண்டித்தவர்களின் மனிதாபிமானத்தைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் பிரெஞ்சுக் கான்சல் லியோன் ரோஷும் பிரிட்டிஷ் கான்சல் ரிச்சர்டு உட்டும் அந்த அநியாயத்தைத் தக்க தருணமாகக் கொண்டார்கள். பிரெஞ்சுப் போர்க்கப்பல்கள் துனிஸின் துறைமுகமான லா குலெத்துக்கு எதிரே வந்து நின்றன. அந்தக் கப்பல்களின் நிழலில், செப்டம்பர் மாதத்தில், ‘அஹ்த் அல் அமான்’ எனப்படும் அபய சாசனத்தை முகம்மது பே பிரகடனம் செய்தார். அதை வரைந்தவர் இப்னு அபீ தியாப் என்ற அறிஞர்; மன்னனின் எதேச்சாதிகாரம் சட்டத்தால் கட்டுப்படுத்தப்பட வேண்டும் என்பதில் உண்மையான பற்றுடையவர்; தம் நாட்டின் சரித்திரத்தை விரிவாக எழுதி வைத்தவர்.

அந்தப் பதினொரு பிரிவுகளைப் படிக்கும்போது மனத்தில் இருவேறு உணர்ச்சிகள் எழுகின்றன. மதம், மொழி, நிறம் எதுவாயினும் ஒவ்வொருவருடைய உயிருக்கும் உடைமைக்கும் மானத்துக்கும் பாதுகாப்பு; சட்டத்தின் முன் முஸ்லிமும் யூதரும் சமம்; வரியிலும் சமம். நூற்றாண்டுகளாக இரண்டாந்தரக் குடிகளாக வாழ்ந்த யூதர்களுக்கு இது பெரிய விடுதலை. அதே ஓலையின் கடைசியில், அந்நியர்கள் நாட்டில் சுதந்திரமாக வியாபாரம் செய்யலாம், நிலமும் வீடும் வாங்கலாம் என்ற பிரிவுகளும் இருக்கின்றன. கான்சல்களுக்கு வேண்டியிருந்தவை இந்தப் பிரிவுகளே. நீதியும் நிலவேட்டையும் ஒரே முத்திரையின் கீழ் நாட்டுக்குள் நுழைந்தன. இரண்டையும் பிரித்து, முன்னதை ஏற்றுப் பின்னதை மறுக்கும் வலிமை துனீசியாவுக்கு அன்று இருக்கவில்லை.

முகம்மது பேக்குப் பின் 1859இல் வந்தவர் சாதிக் பே. அவர் காலத்தில்தான் 114 பிரிவுகள் கொண்ட அரசியல் சாசனம் தயாராயிற்று. 1860இல் அல்ஜியர்ஸுக்கு விஜயம் செய்திருந்த பிரெஞ்சுச் சக்கரவர்த்தி மூன்றாம் நெப்போலியனிடம் சாதிக் பே அதன் பிரதியைத் தம் கையாலேயே சமர்ப்பித்தார். 1861 ஏப்ரலில் அது அமலுக்கு வந்தது. சாசனத்தின்படி 60 அங்கத்தினர் கொண்ட மகாசபை ஒன்று அமைந்தது. அவர்களுள் மூன்றில் ஒரு பங்கு உத்தியோகஸ்தர், மற்றவர்கள் பிரமுகர்கள். புதிய சட்டங்களும் வரிகளும் சபையின் சம்மதமின்றிச் செல்லா. மந்திரிகள் சபைக்குப் பொறுப்பாளிகள். மன்னரும் தமக்கென்று வகுக்கப்பட்ட தொகைக்கு மேல் கஜானாவைத் தொடலாகாது. சாசனத்தை வேண்டுமென்றே மீறினால் தம் பட்டத்துக்குரிய உரிமையை இழப்பார். ஐரோப்பாவிலேயே பல அரசர்கள் இதைப் படித்து முகம் சுளித்திருப்பார்கள்! நாட்டின் முதல் அரசாங்கப் பத்திரிகையும் இக்காலத்திலேயே தொடங்கிற்று. மகாசபைக்குத் தலைவராக அமர்ந்தவர் கைருத்தீன் பாஷா. கஸ்னதாரைப் போலவே அடிமையாக விலைபோன சர்க்காசியச் சிறுவன். கஸ்னதாரின் மகளையே மணந்தவர். ஆனால் குணத்தில் அவருக்கு நேர் எதிரானவர்.

குறை எங்கே இருந்தது? அந்த அறுபது பேரும் நியமனம் பெற்றவர்கள். ஒருவரேனும் குடிகளால் தேர்ந்தெடுக்கப்பட்டவரல்லர். உழவனுக்கும் கோத்திரத்தானுக்கும் அந்தச் சபையில் குரல் இல்லை. கணக்கைக் கேட்கும் அதிகாரம் ஏட்டில் சபைக்கு இருந்தது. கணக்குப் புத்தகமோ கஸ்னதாரிடம் இருந்தது. மாமனாரின் கணக்கை மருமகன் கேட்டார், பதில் கிடைக்கவில்லை, ஓராண்டு கழிந்து மறு ஆண்டு முடிவதற்குள் கைருத்தீன் தம் பதவியை ராஜினாமா செய்துவிட்டு ஒதுங்கினார். குடியானவனைப் பொறுத்தவரை சாசனம் என்பது நகரத்தில் புதிதாகத் திறந்த நியாயஸ்தலம். அங்கே மன்னர் இல்லை, எழுத்தர்கள் இருந்தார்கள். வழக்கு ஒரு நாளில் முடிவதில்லை, மாதக் கணக்கில் நீண்டது. செலவோ மேன்மேலும் ஏறியது.

1863இல் துனீசியா தன் முதல் வெளிநாட்டுக் கடனைப் பாரீஸின் எர்லாங்கர் வங்கியிடம் வாங்கியது. பத்திரத்தில் எழுதப்பட்ட தொகை மூன்றரைக் கோடி பிராங்க். கழிவும் தரகும் இடைத்தரகர்களின் பங்கும் போகக் கஜானாவுக்கு வந்து சேர்ந்தது அதைவிட மிகக் குறைவு. வட்டி கட்டப் பணம் வேண்டும். அவ்வாண்டின் இறுதியில் மஜ்பா வரி 36 பியாஸ்டரிலிருந்து 72 ஆக இரட்டிக்கப்பட்டது. ஐந்து நகரங்களுக்கு இருந்த விலக்கும் நீக்கப்பட்டது.

1864ஆம் ஆண்டின் வசந்த காலத்தில் நாடு பற்றி எரிந்தது. மேற்கு மலைப் பகுதியைச் சேர்ந்த மாஜெர் கோத்திரத்துத் தலைவர் அலி பின் கதாஹெம் முன் நின்றார். எப்போதும் தம்முள் பொருதுகொண்டிருந்த கோத்திரங்கள் பகை மறந்து அவர் பின் திரண்டன. ‘ஜனங்களின் பே’ என்று அவரை அழைத்தன. பிறகு சாஹெலின் நகரத்தாரும் உழவரும் சேர்ந்துகொண்டார்கள். அவர்கள் கேட்டவை இவை: இரட்டித்த வரியை நீக்குக, பிறநாட்டு அடிமைகளாக வந்து ஆளுநர்களான மம்லூக்குகளுக்குப் பதில் நம் ஊராரையே நியமிக்குக, புதிய நியாயஸ்தலங்களை மூடுக, சாசனத்தை ரத்துச் செய்க.

இதைப் படித்துவிட்டு, ‘பாமர ஜனங்கள் தம் சொந்த விடுதலைப் பத்திரத்தைக் கிழிக்கச் சொன்னார்கள்’ என்று இரங்கும் ஆசிரியர்கள் உண்டு. அவர்கள் விடுதலைப் பத்திரத்தைக் கண்டதில்லை, ஐயா, வரிச்சீட்டைத்தான் கண்டார்கள். எந்தச் சபையில் தமக்கு இடமில்லையோ அந்தச் சபையின் பெயரால் தம்மிடம் இரட்டை வரி கேட்கப்பட்டபோது, அந்தச் சபையே வேண்டாம் என்றார்கள். சாசனத்தை நேசித்த அறிஞர்களும், அது யாருக்காக எழுதப்பட்டதோ அந்த ஜனங்களும் எதிரெதிர் அணிகளில் நிற்க நேர்ந்ததே துனீசியச் சரித்திரத்தின் மிகப் பெரிய சோகம் என்று நான் கருதுகிறேன்.

லா குலெத்தின் எதிரே பிரெஞ்சு, பிரிட்டிஷ், இத்தாலிய, துருக்கியக் கப்பல்கள் அணிவகுத்தன. மன்னர் வரியைக் குறைப்பதாக வாக்களித்தார். சாசனத்தை நிறுத்தி வைத்தார். இதைச் செய்வதில் அவருக்கோ பிரெஞ்சுக் கான்சலுக்கோ வருத்தம் இருந்ததாகத் தெரியவில்லை. அறுவடைக் காலம் நெருங்கியது. கோத்திரத்தார் வயல்களுக்குத் திரும்பினார்கள். பொன்னும் வாக்குறுதியும் தலைவர்களைப் பிரித்தன. அந்தக் கோடையிலேயே, நாட்டின் நிதி வசூலதிகாரியாயிருந்த நிஸீம் சமாமா, கணக்குப் புத்தகங்களோடும் பெரும் பொருளோடும் பாரீஸுக்குப் புறப்பட்டுச் சென்று, பின் அய்யாதைப் போலவே திரும்பி வராமலிருந்துவிட்டார். இலையுதிர்காலத்தில் ஜெனரல் அகமது ஸாரூக் ஒரு படையோடு சாஹெலுக்குள் புகுந்தார். கசையடி, தூக்கு, சிறை ஆகியவற்றுக்குப் பிறகு, தாங்கொணாத அபராதம் விதிக்கப்பட்டது. அதைச் செலுத்த முடியாத தோப்புச் சொந்தக்காரர்கள், இன்னும் காய்க்காத ஒலிவத்தின் எண்ணெயை முன்கூட்டி விற்றும், தோப்புகளை அடகு வைத்தும், ஐரோப்பிய வர்த்தகர்களிடம் கடன் வாங்கினார்கள். தலைமுறை தலைமுறையாக வளமாயிருந்த குடும்பங்கள் அந்த ஒரு குளிர்காலத்தில் ஓட்டாண்டிகளாயின. அந்தப் பிரதேசத்தார் ஸாரூக்கின் பெயரை இன்றளவும் மறக்கவில்லை. அலி பின் கதாஹெம் அல்ஜீரியாவுக்குத் தப்பிச் சென்று, மன்னிப்புக் கிடைக்குமென்று நம்பித் திரும்பி வந்து, பிடிபட்டு, 1867இல் லா குலெத் சிறையில் உயிர் நீத்தார்.

பிறகு வந்தது எதிர்பார்க்கத் தக்கதே. முதற் கடனின் வட்டியைக் கட்ட இரண்டாம் கடன். 1867இலும் 1868இலும் பஞ்சமும் காலராவும் விஷ ஜுரமும். 1869 ஜூலையில் பிரெஞ்சு, பிரிட்டிஷ், இத்தாலியக் கடன்காரர்களின் சர்வதேச நிதிக் கமிஷன் துனிஸில் அமர்ந்து, மொத்தக் கடனைப் பன்னிரண்டரைக் கோடி பிராங்காகக் கணக்கிட்டு, அதன் வட்டிக்காக நாட்டு வருமானத்தில் ஏறத்தாழப் பாதியைத் தன் வசப்படுத்திக்கொண்டது. மகாசபை கேட்டும் கிடைக்காத கணக்கு, இப்போது அந்நியர் முன் திறந்து வைக்கப்பட்டது.

அந்த இருளில் ஒரு நல்ல காலமும் உண்டு. ஒதுங்கியிருந்த ஆண்டுகளில் ஐரோப்பிய நாடுகளின் நிர்வாகத்தை ஆராய்ந்து 1867இல் ஒரு நூல் வெளியிட்டிருந்த கைருத்தீன், 1873இல் கஸ்னதார் வீழ்ந்த பின் பிரதம மந்திரியானார். புதிதாக நட்ட ஒலிவ மரங்களுக்கு வரி விலக்களித்தார். தர்ம சொத்துக்களின் நிர்வாகத்தைச் சீர்ப்படுத்தினார். 1875இல் சாதிக்கி கலாசாலையை ஸ்தாபித்தார். அராபிய மரபுக் கல்வியோடு கணிதமும் விஞ்ஞானமும் ஐரோப்பிய பாஷைகளும் கற்பித்த அந்தக் கலாசாலைக்கு மூலதனமாக எழுதி வைக்கப்பட்டவை, கஸ்னதாரிடமிருந்து பறிமுதல் செய்யப்பட்ட நிலபுலன்கள். குடிகளின் வயிற்றில் அடித்துச் சேர்த்த செல்வம் குடிகளின் பிள்ளைகளுக்குக் கல்வியாகத் திரும்பிய அந்த ஒரு நிகழ்ச்சிக்காகவே கைருத்தீனைக் கைகூப்பி வணங்கலாம். நான்காண்டுகள்கூட நிறையவில்லை; 1877இல் அரண்மனைச் சூழ்ச்சி அவரை வெளியேற்றியது. அவர் இஸ்தான்புல் சென்று சிறிது காலம் துருக்கி சாம்ராஜ்யத்துக்கே பிரதம மந்திரியாக இருந்து, அங்கேயே காலமானார். துனீசியாவை விட்டுச் சென்ற பின் ஏறத்தாழ லட்சம் ஹெக்டேர் பரப்புள்ள தம் என்ஃபிதா எஸ்டேட்டை ஒரு மார்செய்ல் கம்பெனிக்கு விற்றார். அதற்கு எதிராகப் பிரிட்டிஷ் பிரஜை ஒருவர் உரிமை கொண்டாட, அந்த வழக்கு வல்லரசுகளின் வழக்காக மூண்டது. அபய சாசனத்தின் கடைசிப் பிரிவுகள் எங்கே கொண்டுவிடும் என்பது இப்போது எல்லோருக்கும் விளங்கிற்று.

1878இல் பெர்லின் மகாநாட்டில், துனீசியாவை எடுத்துக்கொள்ளத் தமக்கு ஆட்சேபமில்லை என்று பிரிட்டிஷார் பிரான்ஸுக்குத் தெரிவித்துவிட்டார்கள். 1881இல், எல்லைப்புறத்துக் குமீர் கோத்திரத்தார் அல்ஜீரியாவுக்குள் புகுந்து கொள்ளையிட்டார்கள் என்ற காரணத்தைச் சொல்லிப் பிரெஞ்சுப் படை ஏப்ரலில் நுழைந்தது. மே மாதம் 12ஆம் தேதி ஜெனரல் பிரேயார் துருப்புகள் சூழ மன்னரின் காசர் சயீத் அரண்மனைக்கு வந்து, தயாராக எழுதி வைத்திருந்த உடன்படிக்கையை நீட்டி, சில மணி நேரத் தவணை கொடுத்தார். சாதிக் பே கையெழுத்திட்டார். ஸ்ஃபாக்ஸ் நகரத்தார் பணியவில்லை; ஜூலையில் பிரெஞ்சுப் போர்க்கப்பல்கள் அந்நகரைக் குண்டு வீசித் தகர்த்தன. மன்னரை மன்னராகவே வைத்துக்கொண்டு ஆட்சியை முழுவதும் எடுத்துக்கொள்ளும் ஏற்பாடு 1883இல் மார்சா ஒப்பந்தத்தால் பூர்த்தியாயிற்று.

எழுபத்தைந்து ஆண்டு அந்நிய ஆட்சியின் கதையை இங்கே விரிக்கப் போவதில்லை. ஒன்றை மட்டும் சொல்ல வேண்டும். 1920இல் அப்துல் அஸீஸ் தாலபியும் அவருடைய நண்பர்களும் தொடங்கிய தேசியக் கட்சி, ‘தஸ்தூர்’, அதாவது சாசனம் என்றே தன்னை அழைத்துக்கொண்டது. 1861ஆம் ஆண்டுச் சாசனம் பிரெஞ்சு ஆட்சிக்கு முன்பே நாட்டுக்கு இருந்த உரிமை, அதைத் திரும்பத் தருக என்பது அவர்கள் வாதம். பாட்டனார் எதை எதிர்த்து வாளெடுத்தாரோ அதையே பேரன் கொடியாகப் பிடித்தான். இதில் முரண்பாடு இல்லை. வரி கொடுப்பவனே சபையில் அமர வேண்டும் என்பதைப் பாட்டனார் எதிர்மறையாகச் சொன்னார். பேரன் உடன்பாடாகச் சொன்னான். 1938 ஏப்ரல் 9ஆம் தேதி துனிஸ் நகரத்தில் ‘துனீசியப் பார்லிமெண்டு வேண்டும்’ என்று ஊர்வலம் வந்தவர்கள்மீது துப்பாக்கிப் பிரயோகம் நடந்தது; அந்த நாள் இன்றும் தியாகிகள் தினமாக அனுசரிக்கப்படுகிறது. கஃப்ஸாவின் பாஸ்பேட்டுச் சுரங்கங்களிலும் துறைமுகங்களிலும் உழைத்தவர்களைத் திரட்டி 1946இல் தொழிற்சங்கச் சம்மேளனத்தை அமைத்த பர்ஹாத் ஹஷேது 1952 டிசம்பரில் சுட்டுக் கொல்லப்பட்டார். சாதிக்கி கலாசாலையின் பழைய மாணவரும், 1934இல் பிரிந்த நவ தஸ்தூர் கட்சியின் தலைவருமான ஹபீப் புர்கீபா, சிறையும் நாடு கடத்தலும் கடந்து, 1956 மார்ச் 20ஆம் தேதி சுதந்திரத்தை அடைந்த அரசியலின் நாயகரானார்.

புர்கீபாவின் பெருமை எளிதில் மறைக்கக் கூடியதன்று. சுதந்திரம் கிடைத்து ஐந்து மாதம் நிறைவதற்குள், 1956 ஆகஸ்டு 13ஆம் தேதி வெளியான குடும்பச் சட்டம் பலதாரமணத்தைத் தடை செய்தது. கணவன் வாய்மொழியால் மனைவியைத் தள்ளிவிடும் வழக்கத்தை ஒழித்து, விவாகரத்தை நியாயஸ்தலத்துக்கு உட்படுத்தியது. 1957 ஜூலை 25இல் மன்னராட்சி முடிந்தது. 1959இல் குடியரசின் சாசனம் பிறந்தது. ஆனால் அந்தச் சாசனத்தையே திருத்தி 1975இல் அவர் ஆயுட்கால ஜனாதிபதியானார். 1983 டிசம்பரின் இறுதியில், வெளிநாட்டுக் கடன் கொடுத்தோரின் ஆலோசனையை ஒட்டி மானியம் வெட்டப்பட்டு, ரொட்டியின் விலை ஏறக்குறைய இரட்டித்தது. மஜ்பா இரட்டித்தபோது மூண்ட அதே தெற்கிலும் மேற்கிலும் கலகம் மூண்டது, பலர் மாண்டனர், 1984 ஜனவரி 6ஆம் தேதி புர்கீபா பழைய விலையைத் திரும்பக் கொண்டுவந்தார். நான்காண்டுகள் நிறைவதற்குள், 1987 நவம்பரில் பென் அலி அவரை நீக்கிவிட்டு, சாசனத்தின் பெயராலேயே இருபத்து மூன்று ஆண்டுகள் ஆண்டார்.

2010 டிசம்பரில் சீதி பூஸீதில் முகம்மது புவாஸீஸி என்ற ஏழைத் தெரு வியாபாரி தீக்குளித்ததும், ஒரு மாதம் முடிவதற்குள் பென் அலி நாட்டை விட்டு ஓடியதும் உலகம் அறிந்தவை. 2011 அக்டோபரில், ஜனங்கள் சுதந்திரமாக வாக்களித்து ஓர் அரசியல் நிர்ணய சபையைத் தேர்ந்தெடுத்தார்கள். இரண்டு தலைவர்கள் கொலையுண்டு நாடு பிளவுபடும் தறுவாயில் நின்ற 2013இல், ஹஷேது தொடங்கிய தொழிற்சங்கச் சம்மேளனமும், முதலாளிகள் சங்கமும், மனித உரிமைக் கழகமும், வக்கீல்கள் சங்கமும் நடுவே புகுந்து கட்சிகளைச் சமாதானப்படுத்தின. 2015இல் நோபல் சமாதானப் பரிசு அந்த நால்வர் குழுவுக்குக் கிடைத்தது. 2014 ஜனவரியில் 216 பேரில் 200 பேரின் ஆதரவோடு புதிய சாசனம் நிறைவேறியது. 1861இல் இல்லாத ஒன்று இதில் இருந்தது. இதை எழுதியவர்களை ஜனங்கள் அனுப்பியிருந்தார்கள்.

ஆனால் கஜானாவின் பிணி தீரவில்லை. உள்நாட்டு ஜில்லாக்களின் வாலிபர்களுக்கு வேலை வரவில்லை. சர்வதேச நிதி நிறுவனத்தின் கடன்கள் வந்தன. 2018இன் தொடக்கத்தில் வரி உயர்வை எதிர்த்து மீண்டும் தெருக்களில் கூட்டம் திரண்டது. 2021 ஜூலை 25ஆம் தேதி, குடியரசு தினத்தன்று, ஜனாதிபதி கைஸ் சயீத் பார்லிமெண்டை முடக்கியபோது, தெருவில் நின்று ஆரவாரித்தவர்கள் பலர். சட்டப் பேராசிரியராயிருந்த அவர், மறு ஆண்டு அதே தேதியில் ஒரு புதிய சாசனத்தை வாக்கெடுப்புக்கு விட்டார். வரைவுக் குழுவின் தலைவரே அது தம் குழு எழுதிய வாசகமன்று என்று பகிரங்கமாக மறுத்திருந்தார். வாக்காளர்களில் சுமார் 30 சதவீதத்தினரே வாக்களித்தார்கள். சாசனம் நிறைவேறிவிட்டது என்று அறிவிக்கப்பட்டது. அதே ஆண்டு சர்வதேச நிதி நிறுவனத்தோடு பேசி முடித்த 190 கோடி டாலர் கடனை, மானியத்தை வெட்டச் சொல்லும் அந்நியக் கட்டளைகளுக்குப் பணிய மாட்டேன் என்று 2023இல் ஜனாதிபதி நிராகரித்தபோது, 1984இன் மரணங்களை அவர் நினைவூட்டினார்.

அவருடைய அந்த நிராகரிப்பில் நியாயம் உண்டு. ஆனால் கணக்குக் கேட்கும் அதிகாரமுள்ள ஒரு சபையை ஒடுக்கிவிட்டு, கடன்காரனிடமிருந்து நாட்டைக் காப்பேன் என்று தனி மனிதர் ஒருவர் சொல்வதை, கஸ்னதாரின் காலத்தை அறிந்தவர்கள் நம்ப இயலாது. துனீசியாவைப் பற்றிய செய்திகள் இனியும் நம் பத்திரிகைகளுக்கு வரும். எத்தனை சதவீதம் வாக்களித்தார்கள், எந்தப் பிரிவு திருத்தப்பட்டது என்பவையே அவற்றில் பெரிய எழுத்தில் இருக்கும். அவற்றைப் படிக்கும் அன்பர்கள், அந்நாட்டின் கடன் தொகை எவ்வளவு, ரொட்டி என்ன விலை விற்கிறது, அந்தக் கணக்கை யார் யாரிடம் கேட்க முடிகிறது என்பவற்றையும் தேடிப் பார்த்துச் சேர்த்துப் படிக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.